மயிலும் மிளகு எலியும்



வரப்பில் ஒரு மயில் தோகை விரித்தால், வழியே போகிறவன் நின்று பார்க்கிறான். குழந்தையைத் தோளில் தூக்கிக் காட்டுகிறான். வீட்டில் ஒரு எலி ஓடினால் அதே மனிதன் கம்பைத் தேடுகிறான். ஒன்றை ஏன் நேசிக்கிறோம்? மற்றதை ஏன் வெறுக்கிறோம்? சிறுபிள்ளைக் கேள்விதான். ஆனால் பதில் சொல்லப் புகுந்தால், நீதி என்பது என்ன என்றே யோசிக்க வேண்டியிருக்கிறது.

மயில் போடி அடிவாரத்துப் புதர்க்காடுகளிலும் தோட்டங்களிலும் தரையில் மேய்ந்து வாழும் பறவை; இரவில் மரமேறித் தங்கும். தோகை என்பது அதன் வால் அல்ல; வாலுக்கு மேலே வளரும் நீண்ட இறகுகள். மழைக்காலத்துக்குப் பின் அவை வருஷந்தோறும் உதிர்ந்துவிடும். அடைகாப்பதும் குஞ்சுகளை வளர்ப்பதும் தோகையில்லாத பெட்டையின் பாடு. 1963-ல் மயில் நம் தேசியப் பறவையாயிற்று. 1972-ல் வந்த வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் அதைக் கொல்வதைக் குற்றமாக்கியது.

இனி மலையை நோக்குங்கள். ஏலச்செடி கடும் வெயில் தாங்காது; காட்டு மரங்களின் நிழலில்தான் தழைக்கும். மேற்குத் தொடர்ச்சி மலையில் இப்படிப்பட்ட பெருமரங்களின் பொந்துகளை நம்பி வாழ்கிற ஒரு சிறு பிராணிக்கு மிளகு எலி என்று பெயர். உடம்பு ஒரு சாண்கூட இராது. முதுகில் முள் போன்ற மயிர். வாலின் நுனியில் தூரிகை போன்ற குஞ்சம். 1859-ல் எட்வர்ட் பிளைத் என்ற அறிஞர் இதை முதன்முதலாக விவரித்து எழுதினார். இந்த மலைத்தொடரைத் தவிர உலகில் வேறெங்கும் இது இல்லை. இதன் தூரத்து உறவினம் சீனாவிலும் வியட்நாமிலும் இருக்கிறது. இரவில் வெளிவந்து விதையும் பழமும் தின்னும். பழுத்த மிளகையும் தின்பதால் பேரும் வந்தது, கெட்ட பேரும் வந்தது.

ஆக, மயிலைக் கண்ணால் அளக்கிறோம்; எலியை மடிசீலையால் அளக்கிறோம். இரண்டுமே கள்ள அளவுகள். அழகுதான் உரிமை தரும் என்றால், தோகை உதிர்ந்த மயிலுக்கும் பெட்டைக்கும் உரிமை ஏது? நஷ்டம் செய்வதுதான் குற்றம் என்றால், நாற்றையும் நிலக்கடலையையும் கிளறிப்போடும் மயில் மட்டும் எப்படிக் குற்றமற்றதாகும்? சட்டமும் நம்மைப் போலவே தடுமாறியது. 1972-ல் மயிலை முதல் அட்டவணையில் வைத்த அதே சட்டம், சாதாரண எலிகளைத் தீங்குயிர் என்று ஐந்தாம் அட்டவணையில் வைத்தது. 2022-ல் செய்த திருத்தம் அந்தத் தீங்குயிர் அட்டவணையையே நீக்கிவிட்டது. மனிதர் போட்ட பட்டியல் மாறியது, எலி மாறவில்லை. ஒரு ஜீவனின் மதிப்பு அதைச் சிருஷ்டித்தவரிடமிருந்து வருகிறதேயன்றி, நம் பட்டியலிலிருந்து வருவதில்லை.

"சாமி, விதைத்ததை மயில் தின்றால் என் பிள்ளைகள் எதைத் தின்பார்கள்?" என்று ஒரு சம்சாரி கேட்கலாம். நியாயமான கேள்வி. பயிரைக் காப்பது பாவமல்ல. வேலி போடலாம், விரட்டலாம், காவல் இருக்கலாம். தானியத்தில் விஷம் கலந்து வைப்பது வேறு காரியம். அது மயில், புறா, கோழி, நாய் என்று பேதம் பாராது. ஆனால் இன்னொன்றும் சொல்ல வேண்டும். தேசமெல்லாம் பெருமைப்படுகிற பறவைக்கு ஒரு ஏழைச் சம்சாரி மட்டும் தீனி போட வேண்டும் என்பது நீதியல்ல. பெருமை பொதுவானால் நஷ்டமும் பொதுவாக வேண்டும். அவன் நஷ்டஈடு கேட்டு மனுக் கொடுக்கும்போது, படித்தவர்களாகிய நீங்கள் எழுதிக் கொடுத்து உடன் நில்லுங்கள்.

மிளகு எலிக்கோ பெருமைப்பட ஒருவரும் இல்லை. அது நம் வீட்டுக்குள் வரவில்லை. நாம்தான் அதன் வீட்டில் மிளகைப் படரவிட்டோம். மரத்தை வெட்டினால் அது மனுப் போடாது. இரவில் வேறு பொந்து தேடும், இல்லையேல் சாகும். தோட்டம் உள்ளவர்களே, நிழலுக்குக் கிளை கழிக்கும் காலத்தில், பொந்துள்ள முதுமரம் ஒன்றையாவது விட்டுவையுங்கள். மரம் ஆளின்மேல் விழும் இடத்தில் நின்றால் வெட்டுங்கள், ஆளுயிர் முதலாவது. அப்படியில்லையென்றால், கோடரி எடுக்குமுன் ஒரு நிமிஷம் அண்ணாந்து பாருங்கள்.

மனிதர் விஷயத்திலும் நாம் இப்படித்தான் அளக்கிறோம் அல்லவா? கலியாண வீட்டில் பட்டுடுத்தி வந்தவருக்கு முன்வரிசை. விடியுமுன் ஜீப்பில் மலையேறி, இருட்டியபின் இறங்குகிற ஏலத்தோட்டத்துக் கூலிக்காரிக்குக் கடைசிப் பந்தி. அடுத்த விசேஷத்தில் அவளை முதற்பந்தியில் உட்காரவையுங்கள்.