வேவு பார்ப்பவனின் பொய்

தீமையை வெளிக்கொணரப் பொய்வேடம் போடலாமா? பிரிசில்லியன் என்ற கிறிஸ்தவப் பிரிவின் குழுவினரைக் கண்டுபிடிக்க அவர்களில் ஒருவராக நடித்தால் என்ன என்று கொன்சென்தியுஸ் கேட்டபோது, 420ஆம் ஆண்டளவில் கிறிஸ்தவ இறையியலாளர் அகஸ்டின் ஒரு நூலே எழுதி மறுத்தார். அந்தக் குழுவினர் தம் நம்பிக்கையை மறைக்கப் பொய்யை அனுமதித்தவர்கள். அவர்களைப் பிடிக்க நாமும் பொய் சொன்னால் அவர்கள் கொள்கையையே ஏற்றவர்களாவோம் என்பது அவர் வாதம்.

பிரெஞ்சு மௌனப்படங்களில் இந்தக் கேள்விக்கு நேரடியாக முகம் கொடுப்பது லூயி ஃபொயாட் இயக்கி 1917இல் வெளியான ‘ஜூடெக்ஸ்’. இதற்கு முன் அவர் எடுத்த ‘ஃபாந்தோமாஸ்’, ‘லே வாம்பீர்’ இரண்டும் குற்றவாளிகளுக்குக் கவர்ச்சி தருகின்றன என்ற கண்டனத்துக்கு ஆளாயின. ஆகவே இம்முறை நீதியின் பக்கம் நிற்கும் நாயகன். ஆனால் அவன் கையாளும் கருவிகள் பழைய குற்றவாளிகளுடையவையே.

தன் தந்தையைத் தற்கொலைக்குத் தள்ளிய வங்கியாளர் ஃபாவ்ரோவிடம் ஜூடெக்ஸ், வல்லியேர் என்னும் முதிய செயலாளராக வேடமிட்டுப் பணியாற்றுகிறான். இறந்துவிட்டதாக உலகம் நம்பும் ஃபாவ்ரோவைக் கடத்தி நிலவறையில் அடைக்கிறான். மரண தண்டனையை ஆயுள் சிறையாகக் குறைத்த தீர்ப்பு அறைச் சுவரில் ஒளி எழுத்துகளாக விழுகிறது. பாதிக்கப்பட்டவன், ஒற்றன், நீதிபதி, சிறைக்காவலன் எல்லாம் ஒருவனே. தன் வழக்குக்குத் தானே நீதிபதியாக எவரும் இருக்கலாகாது என்று தத்துவவாதி ஜான் லாக் வாதிட்டது இத்தகைய நிலையை எண்ணித்தான். தன்மீது கொண்ட பற்றும் பழியுணர்வும் தீர்ப்பைக் கோணலாக்கும்.

வேடத்தின் விலையைக் கொடுப்பவள் ஃபாவ்ரோவின் மகள் ஜாக்லின். தந்தையின் குற்றம் தெரிந்ததும் சொத்தையே துறந்த நேர்மையானவள் அவள். முதியவர் வல்லியேரை நம்புகிறாள், ஜூடெக்ஸுக்கு அஞ்சுகிறாள். இருவரும் ஒருவரே என்பது அவளுக்குத் தெரியாது. குற்றமற்ற ஒருத்தியின் நம்பிக்கையையும் சேர்த்து ஏமாற்றாமல் இந்த வேவு நடக்கவில்லை. அகஸ்டினின் எச்சரிக்கை வலுப்பெறும் இடம் இதுதான்.

பழிவாங்குவதைக் கடவுளிடம் விட்டுவிடும்படி பவுல் ரோமருக்கு எழுதிய திருமுகம் கூறுகிறது. படம் அவ்வளவு தூரம் போவதில்லை. என்றாலும் அதன் முடிவைத் தருவது தண்டனை அல்ல. பழிதீர்ப்பதாகப் பிள்ளைகளிடம் சத்தியம் வாங்கிய ஜூடெக்ஸின் தாயே இறுதியில் ஃபாவ்ரோவை மன்னிக்கிறாள். ஒற்றறிதலால் ஜூடெக்ஸ் உண்மையை அறிந்தான். தண்டிக்கும் உரிமையை அது அவனுக்குத் தரவில்லை.