மூன்று மரக்கால் மா



பெண்ணொருத்தி மூன்று மரக்கால் மாவில் புளிப்பு மாவைக் கலந்து பிசைந்தாள் என்று ஆண்டவர் சொன்ன உவமையை நாம் எத்தனையோ முறை கேட்டிருக்கிறோம். புளிப்பைப் பற்றிப் பிரசங்கிக்கும் நாங்கள் மாவைப் பற்றிப் பேசுவதில்லை. அது ஏறக்குறைய 40 லீற்றர் அளவு. நூறு பேருக்கு அப்பம் சுடலாம்! அவ்வளவையும் அரைத்த கை யாருடையது? கேட்டுநின்ற பெண்களுக்கு அது உடனே விளங்கியிருக்கும். திரிகையில் மா அரைக்கும் இரு பெண்களைப் பற்றியும் ஆண்டவர் பேசியிருக்கிறார். தாயின் வேலையைப் பார்த்து வளர்ந்தவர் அல்லவா?

கரம்பொன் என்றால், 1913இல் தனிநாயகம் அடிகள் பிறந்த ஊர் என்று பெருமை கொள்கிறோம். நியாயமான பெருமைதான். ஆனால் அவ்வூரிலும் அயலிலும் உலையேற்றியே ஊரை வளர்த்த பெண்களின் பெயர்களை எந்த ஏட்டில் தேடுவது?

ஒடியற் பிட்டு ஒருநாள் வேலையன்று. பனம்பழம் பொறுக்கி, களியைப் பிசைந்தெடுத்துப் பனாட்டுக்குப் பாயிலூற்றிக் காயவைத்து, விதையைப் பாத்தியிலிட்டு, மாதக்கணக்கில் காத்திருந்து கிழங்கு கிண்டி, தோலுரித்துக் கிழித்து வெயிலில் உலர்த்தினால்தான் ஒடியல். பிறகு உரலில் இடித்து, அரித்து, கயர்ப்புப் போக மாவை நீரில் ஊறவிட்டுப் பிழிந்து, நீற்றுப்பெட்டியில் அவிக்கவேண்டும். அந்தப் பெட்டியும் அவர்கள் இழைத்ததே. தண்ணீரும் சும்மா வரவில்லை. உவர் மிகுந்த தீவுகளில் நல்ல தண்ணீர்க் கிணறு எல்லா வளவிலும் இல்லை, குடம் இடுப்பில்தான்.

பிட்டு அவிந்ததும் முதலில் ஐயாவுக்கு, பிறகு பிள்ளைகளுக்கு, வந்த விருந்தாளிக்கு. ஆச்சி கடைசியில் சட்டியை வழித்துச் சாப்பிடுவார். இதைத் தியாகம் என்று புகழ்ந்து பிரசங்கித்தோம், நானும் செய்திருக்கிறேன். புகழ்வது இலகு. அவருக்குக் காணுமா என்று சட்டிக்குள் எட்டிப் பார்த்தவர்கள் எத்தனை பேர்?

1990இல் தீவகத்து மக்கள் இடம்பெயர்ந்தபோது உரலும் திரிகையும் வளவுகளிலேயே கிடந்துவிட்டன. இன்று யாழ்ப்பாணத்திலும் கனடாவிலும் மாவைப் பையில் வாங்குகிறோம். இடிக்கும் வேலை போயிற்று. தாய் கடைசியில் சாப்பிடும் வழக்கமோ நம்மோடு விமானம் ஏறியிருக்கிறது.

உயிர்த்த ஆண்டவர் திபேரியாக் கடற்கரையில் என்ன செய்தார்? இரவெல்லாம் வலைவீசிக் களைத்த சீடருக்காகக் கரிநெருப்பு மூட்டி, மீனும் அப்பமும் ஆயத்தமாக வைத்துத் தம் கையாலேயே பரிமாறினார். சாவை வென்ற கைகள் அவை! அடுப்படி வேலை ஆண்பிள்ளைக்கு அழகல்ல என்போர் அந்தக் கரைக்குப் போய் அதைச் சொல்லட்டும்.

தகப்பன்மாரே, வளர்ந்த மகன்மாரே, இன்றிரவு செபமாலை முடிந்ததும் அம்மாவை முதலில் இருத்திப் பரிமாறுங்கள். மறுப்பார். "நீங்கள் சாப்பிடுங்கோ, நான் பிறகு சாப்பிடுறன்" என்பார். கேளாதீர்கள்.