தீட்டிய உருவமும் தொழும் உருவமும்

உயிருள்ள ஒன்றின் உருவத்தை மனிதர் தீட்டலாமா என்பது இஸ்லாமியச் சட்ட அறிஞர்களிடையே ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக நடந்துவரும் விவாதம். தமிழ் முஸ்லிம் ஒருவர் மனித உருவங்களையே வாழ்நாள் பணியாகக் கொண்டு, அதிலும் ராமாயணத்தைத் தீட்டும்போது இந்த விவாதம் இன்னும் கூர்மையாகிறது. மலேசிய ஓவியர் சையத் தாஜுதீன் செய்தது அதுதான்.

1943இல் ராமநாதபுரம் கடலோரத்து அழகன்குளத்தில் பிறந்த அவர் பினாங்கில் வளர்ந்தார். 1960களின் இறுதியில் சென்னைக்குச் சென்று அரசு கவின்கலைக் கல்லூரியில் ஓவியம் பயின்றார். ஓவியர் கே.சி.எஸ். பணிக்கர் 1957 முதல் 1967 வரை முதல்வராக இருந்து உருவாக்கிய சூழல் அப்போதும் அங்கே உயிரோடு இருந்தது. கோவில் சிற்பம், நாட்டார் கலை ஆகியவற்றின் கோடுகளையும் அலங்காரத்தையும் நவீன ஓவியத்துக்குள் கொண்டுவந்த சூழல் அது. அஜந்தா சுவரோவியங்களின் சாயலும் தாஜுதீனிடம் படிந்தது. 1972இல் தீட்டிய ‘ராமாயணம்’ என்ற பெரிய எண்ணெய் வண்ண ஓவியம் இன்று மலேசியத் தேசியக் கலைக்கூடத்தின் சேகரிப்பில் உள்ளது. நாடு திரும்பியபின் மாரா தொழில்நுட்பக் கழகத்தில் ஓவிய ஆசிரியரானார்.

அவர் ஆசிரியரான காலம் உருவ ஓவியத்துக்குச் சாதகமானதல்ல. 1971இல் கோலாலம்பூரில் கூடிய தேசியப் பண்பாட்டு மாநாடு இஸ்லாத்தை நாட்டுப் பண்பாட்டின் முக்கியக் கூறாக அறிவித்தது. அதைத் தொடர்ந்து, குறிப்பாக 1979 ஈரானியப் புரட்சிக்குப் பின், மலாய்க்கார ஓவியர் பலர் உருவத்தை விட்டு எழுத்தணிக்கும் வடிவியல் கோலங்களுக்கும் நகர்ந்தனர். சுலைமான் ஏசா இதற்குத் தெளிவான எடுத்துக்காட்டு. தாஜுதீன் உருவத்தை விடவில்லை.

உருவத்துக்கு எதிரான வாதம் இலேசானதல்ல. உருவம் சமைத்தவரிடம் அதற்கு உயிர் கொடுக்கும்படி மறுமையில் கேட்கப்படும் என்ற நபிமொழி புகாரி, முஸ்லிம் ஆகிய இரு தொகுப்புகளிலும் உண்டு. மலாய்க்காரர்களும் தமிழகக் கடலோர முஸ்லிம்கள் பெரும்பாலோரும் பின்பற்றும் ஷாஃபி சட்ட மரபில், 13ஆம் நூற்றாண்டு அறிஞர் நவவி, நிழல் விழும் சிலைக்கும் நிழலில்லாத ஓவியத்துக்கும் வேறுபாடு இல்லை என்றே தீர்ப்பளித்தார். மற்றொரு சட்ட மரபான மாலிகியைச் சேர்ந்தோர் பலர் தட்டையான படங்களிடம் அவ்வளவு கடுமை காட்டவில்லை. உருவங்கள் நெய்த திரை தொங்கியபோது நபிகள் வெறுத்ததும், அவருடைய மனைவி ஆயிஷா அதை வெட்டித் தலையணைகளாக்கியபின் அவை வீட்டில் புழங்கியதும் நபிமொழியிலேயே வருகின்றன. துணி ஒன்றே, இடமும் பயனும் மாறின. எகிப்தின் தலைமை முஃப்தி முகம்மது அப்துஹு, சிசிலிப் பயணத்துக்குப் பின் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுதியபோது, உருவம் வழிபடப்படும் என்ற அச்சம் நீங்கிய இடத்தில் ஓவியம் அறிவைக் காக்கும் கருவி என்றார்.

வழிபாட்டு அச்சம் பற்றி மலாக்காவின் பழைய தெருக்கள் சொல்வது அதிகம். இந்திய முஸ்லிம் வணிகர்கள் 1748இல் எழுப்பிய கம்போங் கிளிங் பள்ளிவாசலில் செதுக்கு வேலைப்பாடு நிறைந்த மிம்பர் மேடை உண்டு, உருவம் இல்லை. அதே தெருவில் சில அடி தூரத்தில், தமிழ் வழிவந்த இந்துக்களான மலாக்கா செட்டிகளின் 1781ஆம் ஆண்டுப் பொய்யாத விநாயகர் ஆலயம். அங்கே விநாயகர் தெய்வமாவது சிற்பி செதுக்கியதால் மட்டுமல்ல. ஆகம முறைப்படி கண் திறந்து, பிரதிஷ்டை செய்து, குடமுழுக்கு நடத்தியபின்தான் பூசை. சடங்கு நடக்காத சிலை சிற்பியின் பட்டறையில் கல்லாகவே கிடக்கும். ஆகவே கலைக்கூடச் சுவரில் இருக்கும் ராமன் சைவ, வைணவக் கணக்கிலும் மூர்த்தி அல்ல. ஒரு முஸ்லிம் ஓவியர் அவனைத் தீட்டுவது சிலை வழிபாட்டுக்குத் துணைபோவதாகும் என்ற குற்றச்சாட்டு, வழிபடுவோரின் சொந்த நெறியின்படியே நிற்காது.

இதற்கு ஒரு தடை உண்டு. ரவிவர்மா அச்சகம் 1894 முதல் அச்சிட்டுப் பரப்பிய தெய்வப் படங்கள் எந்தப் பிரதிஷ்டையும் இல்லாமல் பூசையறையில் மாலை ஏற்றன. மலாயாவின் தோட்ட லயங்களிலும் சாமிப் படத்துக்கே விளக்கு எரிந்தது. அதாவது படமும் தெய்வமாகலாம். ஆனால் மாலையும் விளக்கும் வைக்கும் கைதான் அதை அப்படி ஆக்குகிறது, தீட்டிய கை அல்ல. ஆயிஷாவின் திரை காட்டுவதும் இதையே.

நவவி எழுப்பிய மற்றொரு தடை, இறைவனின் படைப்பைப் போலி செய்தல், இதனால் தீராது. அதற்குத் தாஜுதீனின் ஓவியங்களிலேயே ஒரு விடையைக் காணலாம். நீண்ட விழிகளும் இயற்கையை மீறி வளைந்த உடல்களுமாக அவருடைய பெண்கள் பூங்கோலத்தோடு ஒன்றிக் கிடக்கிறார்கள். உயிரைப் போலிசெய்யும் நோக்கம் அவற்றில் தெரியவில்லை. ஜாவாவின் தோல்பாவைகள் மனிதச் சாயலிலிருந்து விலகி நீண்டு மெலிந்ததற்கும் அங்குள்ள மரபு இஸ்லாத்தின் வரவையே காரணமாகச் சொல்கிறது. நவவியைப் பின்பற்றுவோர் இந்த விடையை ஏற்பதில்லை: தலையும் உடலும் அடையாளம் தெரிந்தால் அது உருவம்தான் என்பது அவர்கள் நிலை.