புழுவின் வழக்கு

இக்நியூமோனிடே என்பது பூச்சியியலாளர்களுக்கு வெளியே அதிகம் புழங்காத பெயர். எறும்பு, தேனீ, குளவி எல்லாம் அடங்கிய பெருவரிசையில் இந்தக் குடும்பம்தான் எண்ணிக்கையில் பெரியது. இதில் பெயர் சூட்டி விவரிக்கப்பட்ட இனங்களே 24,000க்கு மேல். நூலிழை போன்ற இடை, ஓயாமல் துடிக்கும் நீண்ட உணர்கொம்புகள், பெண்ணின் வால்முனையில் ஊசிபோல நீளும் முட்டைக் குழல் ஆகியவை இதன் அடையாளங்கள். பெயரின் வேர் கிரேக்கச் சொல். தடம் பார்த்துத் தேடிப் போகிறவன் என்று பொருள். முதலை முட்டையைத் தேடி அழிப்பதாகப் பழங்காலத்தார் நம்பிய எகிப்தியக் கீரிக்கும் அதே பெயர்தான். சிலந்தியைக் கொன்று சுவர்ப் பொந்துக்குத் தூக்கிப் போய், மண்ணால் பூசி அடைத்துக் குஞ்சு வளர்க்கும் சிறு குளவிக்கு அரிஸ்டாட்டில் காலத்திலேயே அந்தப் பெயர் வழங்கியிருக்கிறது. நம் வீட்டுச் சுவரிலும் நிலைப்படியிலும் மண்கூடு கட்டும் குளவியின் இனம் அது. தமிழிலும் அதற்கு வேட்டுவன் என்றே பெயர். 1758இல் லின்னேயஸ் இந்தக் கிரேக்கப் பெயரை எடுத்து, மண்கூடு கட்டாமல் புழுவின் உடம்பையே கூடாக்கிக்கொள்ளும் வேறு பூச்சிகளுக்குக் கொடுத்தார். 1802இல் பிரெஞ்சுக்காரரான லாத்ரேய் அதைக் குடும்பப் பெயராக்கினார். லாத்ரேய் குருப்பட்டம் பெற்ற கத்தோலிக்கர். பிரெஞ்சுப் புரட்சியின்போது போர்தோ சிறையில் கிடந்த அவருடைய உயிரைக் காப்பாற்றியது, அறையில் அவர் கண்டெடுத்த ஓர் அரிய வண்டு. அதே 1802இல்தான், உயிர்களின் உடலமைப்பைக் காட்டி இறைவனின் அறிவையும் நன்மையையும் நிறுவ முயன்ற வில்லியம் பேலியின் ‘இயற்கை இறையியல்’ இங்கிலாந்தில் வெளிவந்தது. இந்தப் பெயரும் அந்த வாதமும் ஒரே ஆண்டில் பிறந்தது தற்செயல். பின்னால் அவை மோதிக்கொண்டது தற்செயல் அல்ல.

இந்தப் பூச்சி செய்வதைக் கிட்ட இருந்து பார்க்க வேண்டும். பெண், இலை இலையாக உணர்கொம்பால் தட்டிக்கொண்டே போகும். புழு இருப்பது தெரிந்ததும் முட்டைக் குழலை அதன் தோலுக்குள் இறக்கிவிட்டுப் பறந்துவிடும். சில இனங்களில் முட்டையோடு வைரஸ் துகள்களும் உள்ளே போகின்றன. புழுவின் எதிர்ப்புச் சக்தியை முடக்குவது அவற்றின் வேலை. புழு உடனே சாவதில்லை. முன்போலவே இலையைத் தின்று வளர்கிறது. உள்ளே பொரித்த குஞ்சு முதலில் கொழுப்பையும் உடல்நீரையும் உறிஞ்சுகிறது. உயிர் ஓடக் காரணமான உறுப்புகளைக் கடைசி வரை தொடாமல் வைத்திருந்து, தன் வளர்ச்சி முடியும் கட்டத்தில் அவற்றையும் தின்றுவிட்டு வெளியே வருகிறது. 1860 மே 22ஆம் தேதி அமெரிக்கத் தாவரவியலாளர் ஆசா கிரேக்கு எழுதிய கடிதத்தில் டார்வின் இந்தக் குடும்பத்தைப் பெயர் சொல்லியே குறிப்பிட்டார். அன்பும் எல்லாம் வல்ல ஆற்றலும் உடைய ஒரு கடவுள், உயிருள்ள புழுக்களின் உடலுக்குள்ளிருந்து தின்னட்டும் என்று திட்டமிட்டு இவற்றைப் படைத்திருப்பார் என நம்பத் தன்னால் முடியவில்லை என்றார். எலியோடு பூனை விளையாடுவதையும் உடன் சேர்த்துக்கொண்டார். எழுதியவர், பாதிரியாராகும் எண்ணத்தோடு கேம்பிரிட்ஜில் படித்தவர். பேலியை ஆர்வத்தோடு வாசித்தவர். எதிராளியின் வாதத்தை உள்ளிருந்து அறிந்த ஒருவர் எழுப்பிய கேள்வி இது.

இங்கிலாந்தின் இறையியலாளர்கள் இந்தப் பூச்சியை அறியாதவர்கள் அல்லர். சஃபோல்க்கின் பார்ஹாமில் போதகராக இருந்த வில்லியம் கிர்பி, அந்நாட்டுப் பூச்சியியலின் முன்னோடிகளில் ஒருவர். குஞ்சு, உயிர் உறுப்புகளைத் தவிர்த்துத் தின்னும் ஒழுங்கு அவரை வியக்க வைத்தது. பிறவாத பிள்ளைக்காகத் தாய்க் குளவி படும் பாடு அவர் கண்ணில் தாய்மையின் சிறப்பாகத் தெரிந்தது. புவியியலாளரும் போதகருமான வில்லியம் பக்லண்ட் 1836இல் எழுதிய நூலில், இரை தின்னும் விலங்குகள் முதியவற்றுக்கும் நோயுற்றவற்றுக்கும் விரைவான முடிவைக் கொடுத்து உலகின் மொத்தத் துன்பத்தைக் குறைக்கின்றன என்று வாதிட்டார். சிங்கத்துக்கு அது பொருந்தலாம். இந்தக் குளவியோ முதிய புழுவையும் நோயுற்ற புழுவையும் தேடுவதில்லை. விரைவான முடிவையும் தருவதில்லை. அதன் குஞ்சுக்குத் தேவை திடமான புழு, மெதுவான சாவு.

நம் பக்கத்தில் மண்கூடு கட்டும் குளவியின் இதே போன்ற செயல் முற்றிலும் வேறொரு பாடமாக வாசிக்கப்பட்டது. குளவி புழுவைக் கொண்டுவந்து கூட்டில் அடைக்கிறது, கொட்டிக் கொட்டி எழுப்புகிறது, புழு குளவியையே நினைத்து நினைத்துக் கடைசியில் குளவியாகவே வெளியே வருகிறது என்பது அந்தப் பாடம். வடமொழியில் பிரமர கீட நியாயம் என்பார்கள். பாகவதத்தின் 7ஆம் ஸ்கந்தத்தில், பகையாலும் அச்சத்தாலும் இடைவிடாமல் நினைத்தவர்களும் இறைவனை அடைந்தார்கள் என்பதற்கு இது எடுத்துக்காட்டு. 11ஆம் ஸ்கந்தத்தில் அவதூதர் அடுக்கும் 24 குருக்களில் கடைசிக் குரு இந்தக் குளவிதான். விவேகசூடாமணி பிரம்ம தியானத்துக்கு இதையே காட்டுகிறது. குரு தன் அருளால் சீடனைத் தன் வண்ணமாக்குவதற்கு உவமையாகத் தமிழ்நாட்டு மடங்களிலும் சொற்பொழிவு மேடைகளிலும் இது இன்றும் ஒலிக்கிறது. கிர்பி தாய்மையைக் கண்ட இடத்தில் நம்மவர்கள் குருவருளைக் கண்டார்கள். கண்ணால் பார்த்ததிலிருந்து பிறந்த பிழைதான் அது. மூடிய கூட்டுக்குள் புழு போனது, கூடு உடைந்தபோது குளவி வந்தது. இடையில் நடந்ததை யாரும் பார்க்கவில்லை. 17ஆம் நூற்றாண்டில் ஹாலந்துக்காரரான யோஹான்னஸ் ஹூடார்ட், தான் வளர்த்த ஒரே வகைப் புழுவிலிருந்து சில சமயம் பட்டாம்பூச்சியும் சில சமயம் ஈக்கூட்டமும் வெளிவருவதைப் பார்த்துவிட்டு, புழுவுக்கு இரண்டு வகை உருமாற்றம் உண்டு என்று எழுதி வைத்தார். ஆகவே இது நம் நாட்டு மடமை என்று யாரும் கைகொட்ட வேண்டியதில்லை.

கிர்பியையும் அவதூதரையும் ஒன்றாக வைத்துப் பார்த்தால் ஒற்றுமை ஒன்று தெரியும். இருவரும் குளவியின் பக்கம் நின்று பார்க்கிறார்கள். டார்வின் புழுவின் பக்கம் போய் நின்றார். அந்தக் கடிதத்தின் பலம் அவ்வளவும் அந்த இட மாற்றத்தில் இருக்கிறது. என் வாதம் இதுதான்: இயற்கையைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி இறைவனின் கருணையை நிறுவ நினைக்கும் எவரும் புழுவின் தரப்பையும் கேட்டாக வேண்டும். கேட்டால், குளவியைக் காட்டி அருளை நிறுவும் பாதை அடைபட்டுவிடும். இறைவன் இல்லை என்பது அதனால் நிறுவப்பட்டுவிடாது. படைப்பின் வேலைப்பாட்டையே தன் நன்மைக்குச் சான்றாகக் கொடுக்கும் பேலியின் கடவுளை மட்டும்தான் இந்தப் புழு அசைக்கிறது. டார்வினும் அதற்கு மேல் போகவில்லை. அதே கடிதத்தில், இந்த அற்புதமான பிரபஞ்சம் வெறும் முரட்டு விசையின் விளைவு என்று ஒதுக்கிவிடவும் தனக்கு மனம் ஒப்பவில்லை என்கிறார். இந்த விஷயமே மனித அறிவுக்கு எட்டாத ஆழம் என்று நிறுத்திக்கொள்கிறார்.

புழுவுக்கு வலிக்குமா என்று கேட்டு வழக்கையே தள்ளுபடி செய்யப் பார்ப்பவர்கள் உண்டு. கேள்வி நியாயமானது. புகையிலைப் புழுவின் உடம்பில் ஓரிடத்தில் கிள்ளினால், கிள்ளிய இடத்தை நோக்கித் தலையைத் திருப்பித் தாக்கும். ஆனால் உள்ளுக்குள் தின்னப்படும் புழு வேதனையின் அறிகுறி எதையும் காட்டாமல் இலையைக் கடித்துக்கொண்டே இருக்கிறது. இந்த இரண்டு செய்திகளையும் வைத்து எந்தப் பக்கமும் உறுதியாகத் தீர்ப்புச் சொல்ல முடியாது. புழுவுக்கு வலி இல்லை என்றே வைத்துக்கொண்டாலும் டார்வின் பூனையிடம் அகப்பட்ட எலியையும் சேர்த்தே கேட்டிருந்தார். எலியின் வலியை மறுப்பதற்கு ஆள் கிடைப்பது அரிது. வலி இருக்குமோ இராதோ என்ற ஐயத்தின் பலன் யாருக்குப் போய்ச் சேர வேண்டும் என்பதும் எளிய கேள்வி அல்ல. கருணையுள்ள படைப்பாளி ஒருவர் உண்டு என்று சொல்ல வருபவர் அந்தப் பலனைத் தன் வாதத்துக்கு எடுத்துக்கொள்வது எனக்குச் சரியாகப் படவில்லை.

இந்தக் குளவிகள் இல்லாவிட்டால் புழுக்கள் பயிரையெல்லாம் மொட்டையடித்துவிடும் என்ற மறுப்பு இன்னும் வலுவானது. நீலகிரி முட்டைக்கோஸ் தோட்டங்களில் வைரமுதுகு அந்துப்பூச்சியின் புழுவை அடக்க இந்தக் குடும்பத்தைச் சேர்ந்த டயாடெக்மா என்ற குளவியைக் கொண்டுவந்து நிலைநிறுத்தினார்கள். நெல் வயல்களிலும் இவற்றின் உறவினர்கள் சம்பளம் இல்லாமல் வேலை பார்க்கிறார்கள். மருந்து தெளிக்கும் செலவு குறைகிறது, மண்ணும் நீரும் பிழைக்கின்றன; இதைப் போற்றாமல் இருக்க முடியாது. ஆனால் இந்த நன்மையின் கணக்கு யார் பெயரில் எழுதப்படுகிறது? விவசாயி பெயரில், முட்டைக்கோஸ் வாங்குபவர் பெயரில், வேண்டுமானால் இயற்கைச் சமநிலை என்ற பெயரில். புழுவின் பக்கத்தில் ஒரு வரவும் இல்லை. வேறு வழி இல்லாத ஒருவர் ஒரு தீமையால் இன்னொன்றைத் தடுக்கலாம். எல்லாம் வல்லவர் என்று சொல்லப்படுபவருக்கு வழி இல்லாமல் போகாது. பரிணாம உயிரியலாளர் ஸ்டீபன் ஜே கூல்டு 1982இல் எழுதிய கட்டுரை வேறொரு பதில் சொன்னது: இயற்கைக்கு அறமும் இல்லை, அறப்பிழையும் இல்லை, குளவியில் நமக்கான பாடம் எதையும் தேடக்கூடாது. குளவியைப் பொறுத்தவரை அது முழு உண்மை. ஆனால் டார்வின் குளவியைக் குற்றம் சாட்டவே இல்லை. அவர் கேட்டது படைத்தவரைப் பற்றி. அந்தக் கேள்வியை கூல்டின் பதில் தொடவில்லை.

இந்தியச் சமய மரபு இந்தக் கேள்வியை எப்போதோ கேட்டுவிட்டது என்பதைப் பெருமையோடு சொல்லலாம். படைத்தவன் கடவுளானால் அவன்மேல் ஓரவஞ்சனையும் இரக்கமின்மையும் சாருமே என்ற ஆட்சேபத்தை பிரம்ம சூத்திரம் 2ஆம் அத்தியாயத்தில் நேராகவே எடுத்துக்கொள்கிறது. உயிர்களின் வினைக்கு ஏற்பவே படைப்பு நடக்கிறது, வினையோ தொடக்கமில்லாதது என்பது அதன் விடை. பேலியிடம் இல்லாத நேர்மை இதில் உண்டு. துன்பத்தை நன்மை என்று இது பெயர் மாற்றவில்லை. இடர் வேறு இடத்தில் இருக்கிறது. இக்நியூமோனிடே குடும்பத்தின் புதைபடிவங்கள் 10 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய பாறைகளிலேயே கிடைக்கின்றன. மனிதன் தோன்றி ஏறக்குறைய 3 லட்சம் ஆண்டுகள்தான். நல்வினை தீவினைகளைத் தெரிந்து செய்யக்கூடியது மனிதப் பிறவி என்பதே மரபின் கொள்கை. அப்படியானால் மனிதனே இல்லாத அந்தக் கோடிக்கணக்கான ஆண்டுகளில் தின்னப்பட்ட புழுக்கள் யாருடைய வினையை அனுபவித்தன? முன் கற்பங்களில் செய்த வினை என்று விடை வரும். அதை மறுக்க முடியாது. மறுக்கவே முடியாத விடை என்பதால்தான் அது புழுவைப் பற்றி நமக்குப் புதிதாக எதையும் சொல்லாமல் போகிறது. டார்வினின் கடிதக் காலத்தில் இங்கே வாழ்ந்த வள்ளலார் வினையை மறுத்தவர் அல்லர். ஆனால் பசித்தவன் தன் பழவினையின் தண்டனையை அனுபவிக்கிறான், அதில் குறுக்கிடுவது கடவுள் ஆணைக்கு விரோதம் என்ற ஆட்சேபத்தை ‘ஜீவகாருண்ய ஒழுக்க’த்தில் எடுத்துவைத்துத் தாமே மறுக்கிறார். வினைக் கொள்கை, துன்பத்தைக் கண்டு ஒருவரை அமைதியாக உட்கார வைக்குமானால் அது பிழையான பயன்பாடு என்பதை அவர் கண்டிருந்தார்.

கடைசியாக உவமைக்கு வருகிறேன். உவமைதானே, உண்மையாக இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன என்பார்கள். அழகுக்காகச் சொன்ன உவமையானால் ஒப்புக்கொள்ளலாம். பாற்கடல் எங்கே இருக்கிறது என்று யாரும் கேட்பதில்லை. இது அந்த வகை அல்ல. இடைவிடாத நினைப்பு ஓர் உயிரின் இயல்பையே மாற்றும் என்பதற்கு உலகில் கண்ட நிகழ்ச்சியாக இது முன்வைக்கப்படுகிறது. பாமரரும் ஆராய்ந்தறிபவரும் ஒருமித்து ஏற்பதுதான் திருஷ்டாந்தம் என்று நியாய சூத்திரமே வரையறுத்திருக்கிறது. ஆராய்ந்தவர்கள் கூட்டை உடைத்துப் பார்த்தாயிற்று. அதற்குள் புழு குளவியை நினைத்துக்கொண்டிருக்கவில்லை. குளவியின் குஞ்சு அதைத் தின்றுகொண்டிருந்தது. நினைப்பு மனிதனை மாற்றும் என்ற கருத்து இதனால் பொய்யாகிவிடாது. அதற்கு வேறு சான்று தேட வேண்டும், அவ்வளவே. இன்னொன்றையும் கவனிக்கலாம். குளவி வந்து சேராமல் இருந்தாலே அந்தப் பச்சைப் புழுவுக்கு ஓர் உருமாற்றம் முன்னால் இருந்தது. உண்டு வளர்ந்து, கூட்டுக்குள் ஒடுங்கி, பழைய உடம்பின் பெரும்பகுதி கரைந்து, புழுப் பருவத்திலேயே உள்ளே ஒளிந்திருந்த சிறு திசுத் தட்டுகள் இறகாகவும் காலாகவும் விரிந்து அது அந்துப்பூச்சியாகியிருக்கும். குளவி நிகழ்த்தியதாக மேடையில் சொல்லப்படும் மாற்றம் உண்மையில் புழுவுக்குச் சொந்தமானது. குளவி செய்தது அதைத் தடுத்ததுதான். உயிருக்குள் மறைந்து கிடக்கும் தன்மையை வெளிக்கொணர்வதே குருவின் வேலை என்று சைவ சித்தாந்தம் பேசுகிறது. அதற்கு உவமை வேண்டுமென்றால், கொட்டப்படாமல் தப்பிய புழு கைக்கெட்டும் இலையிலேயே இருக்கிறது.