வீட்டுக் கடன்: எழுதுகிறவர் யார், சொல்லுகிறவர் யார்?

 

எல்லாப் புகழும் வல்ல நாயன் அல்லாஹ்வுக்கே. ஸலவாத்தும் ஸலாமும் நம் உயிரினும் மேலான நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மீதும், அவர்களுடைய குடும்பத்தார், தோழர்கள் மீதும் உண்டாவதாக!

திருக்குர்ஆனிலேயே மிக நீண்ட வசனம் எதைப் பற்றியது என்று கேட்டால், நம்மில் பலர் தொழுகையைப் பற்றியதாக இருக்கும் என்பர்; ஹஜ்ஜைப் பற்றியதாக இருக்கும் என்று சிலர் கூறுவர். இரண்டும் அல்ல. அது கடனைப் பற்றியது. அல்பகரா அத்தியாயத்தின் 282-வது வசனமே அது. தவணை குறித்துக் கடன் கொடுக்கல் வாங்கல் செய்தால் எழுதிக்கொள்ளுமாறும், சாட்சிகளை வைத்துக்கொள்ளுமாறும், சிறு தொகையாயினும் பெருந்தொகையாயினும் எழுதச் சோம்பலாகாது என்றும் இறைவன் அதில் நமக்குப் போதிக்கிறான்.

அவ்வசனத்தில் நாம் நின்று நிதானித்துச் சிந்திக்கவேண்டிய இடம் ஒன்றுண்டு. எழுத்தர் எழுதவேண்டும், ஆனால் எழுதுவதற்குரிய வாசகத்தைச் சொல்லவேண்டியவர் யார்? பணம் கொடுத்தவர் அல்லர், கடன் பட்டவரே! அவர் அறிவிலே குறைந்தவராகவோ, சொல்ல இயலாதவராகவோ இருந்தால், அவருக்காகப் பொறுப்பேற்றவர் நீதியுடன் சொல்லவேண்டும். இதன் உட்பொருள் யாது? தான் என்ன பெற்றோம், எவ்வளவு திருப்பவேண்டும், எந்நாள் வரையில் என்பதைக் கடனாளி தன் வாயாலேயே சொல்லக்கூடிய அளவுக்கு அறிந்திருக்கவேண்டும் என்பதல்லவா?

இன்று நம்மவர் வீடு வாங்கும் முறையை இதனோடு ஒப்பிட்டுப் பார்ப்போம். வழக்கறிஞர் அலுவலகத்தில் தடித்த கட்டாகப் பத்திரங்கள் வைக்கப்படுகின்றன. கையெழுத்திடவேண்டிய இடங்களில் அடையாளம் போட்டிருக்கிறது. அரைமணி நேரத்தில் நாற்பது ஐம்பது கையெழுத்துகள். மாதம் எவ்வளவு என்று கேட்டால் உடனே சொல்லிவிடுகிறோம். மொத்தம் எவ்வளவு என்று கேட்டால் விழிக்கிறோம். நம் கடனை வேறொருவர் சொல்ல, வேறொருவர் எழுத, நாம் ஒப்பமிடுபவர்களாக மட்டும் இருக்கிறோம்.

நம் முன்னோர் இத்தீவில் வேறுவிதமாக வேரூன்றினார்கள். 1801-ம் ஆண்டில் காதர் முஹையித்தீன் அவர்கள் தலைமையில் நிலம் பெற்றுக் கப்பித்தான் கிளிங் பள்ளிவாசலை எழுப்பினார்கள். சூலியா தெருவிலும் அதைச் சூழ்ந்த சந்துகளிலும் கடையும் குடியிருப்புமாக வாழ்ந்தார்கள். வசதியுள்ளோர் வீடுகளையும் நிலங்களையும் வக்பு செய்து, அவற்றின் வாடகையால் பள்ளிவாசல்களும் அறப்பணிகளும் நடைபெறச் செய்தார்கள். ஏனையோரில் பெரும்பாலோர் வாடகை வீடுகளிலேயே காலங்கழித்தனர். 1966-ம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம், 1948-க்கு முன் கட்டப்பட்ட பழைய கட்டடங்களின் வாடகையை உயரவிடாமல் தடுத்து நின்றது. அச்சட்டம் நீக்கப்பட்டு, 2000-ம் ஆண்டு ஜனவரி முதல் தேதியோடு அந்தக் காப்பு முற்றிலும் அகன்றது. ஜார்ஜ் டவுன் நகரின் மையத்தில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த எத்தனையோ குடும்பங்கள் பெயர்ந்தன. கெளுகோர், பாயான் லெப்பாஸ், பாலத்துக்கு அப்பால் பட்டர்வொர்த் என்று சிதறினோம். சிதறிய பின்னர் சொந்த வீடு வேண்டும் என்ற ஆசை பிறந்தது நியாயமே. அந்த ஆசையுடன் வங்கிக் கடனும் நம் இல்லத்துள் நுழைந்தது.

ஆகவே, கடனாளி சொல்லவேண்டிய கணக்கை இங்கே நாம் சேர்ந்து சொல்லிப் பார்ப்போம்.

மூன்று லட்சம் வெள்ளி கடன். ஆண்டுக்கு நூற்றுக்கு 4.5, தவணை 35 ஆண்டுகள் என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை சுமார் 1,420 வெள்ளி. 420 மாதங்கள் செலுத்தினால் மொத்தம் சுமார் 5 லட்சத்து 96 ஆயிரம். அதாவது, ஒரு வீட்டுக்காகக் கடன் வாங்கி, ஏறத்தாழ இரண்டு வீட்டின் பணத்தைக் கொடுக்கிறோம்.

முதல் மாதத்துக் கணக்கை மட்டும் பிரித்துப் பாருங்கள். செலுத்திய 1,420-ல் 1,125 வெள்ளி கடனின் கூலிக்கே போய்விடுகிறது. முதலில் குறைவது 295 வெள்ளிதான். பத்தாண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் செலுத்தியவர் 1 லட்சத்து 70 ஆயிரம் வெள்ளி கொடுத்திருப்பார். ஆனால் முதல் குறைந்திருப்பது 45 ஆயிரத்துக்கும் சற்றுக் குறைவே. இன்னும் 2 லட்சத்து 55 ஆயிரம் பாக்கி நிற்கும். முதலில் பாதி அடைவதற்கு ஏறத்தாழ 24 ஆண்டுகள் ஆகும். முப்பது வயதில் ஒப்பமிட்டவர் 54 வயதில்தான் பாதி வழி வந்திருப்பார். 65 வயது வரை சம்பாதித்தாக வேண்டும்.

விகிதம் நிலையானதன்று என்பதையும் மறத்தலாகாது. மத்திய வங்கியாகிய பேங்க் நெகாரா, தன் அடிப்படை விகிதத்தை 2020-ல் 1.75 வரை இறக்கியது; 2022 மே மாதத்திலிருந்து 2023 மே மாதத்துக்குள் அதை 3.00 ஆக ஏற்றியது. 2025 ஜூலையில் 2.75 ஆக்கியது. ஒன்றேகால் ஏறினால் என்ன என்று அலட்சியமாக எண்ணவேண்டாம். மேற்சொன்ன அதே கடனுக்கு 3.25 விகிதத்தில் மாதத் தவணை சுமார் 1,197 வெள்ளி, 4.5 ஆனால் 1,420 வெள்ளி. மாதம் 220 வெள்ளிக்கு மேல் கூடுகிறது. ஒரு சிறு குடும்பத்தின் மளிகைச் செலவில் அது கணிசமான பங்கல்லவா?

இத்துடன் முடிந்ததா? இல்லை. கிரயப் பத்திரத்துக்கு முத்திரை வரி, கடன் பத்திரத்துக்கு அரை சதவீத முத்திரை வரி, வழக்கறிஞர் கட்டணம், காப்புறுதி அல்லது தக்காபுல், ஆண்டுதோறும் நிலவரியும் வாசல் வரியும், அடுக்குமாடியாயின் மாதாமாதம் பராமரிப்புக் கட்டணம் ஆகிய யாவும் உண்டு. முதல் வீடு வாங்குவோர்க்கு முத்திரை வரியில் சலுகைகள் வழங்கப்படுவதுண்டு. அதைக் கேட்டறிந்து பெற்றுக்கொள்வது அறிவுடைமை.

இங்கே ஒரு சகோதரர் குறுக்கிட்டு, "நாம் வட்டிக் கடன் வாங்கவில்லையே, இஸ்லாமிய முறையில்தானே வாங்கினோம்!" என்று கூறலாம். மிக்க மகிழ்ச்சி. இறைவன் வணிகத்தை ஆகுமாக்கி வட்டியை விலக்கியிருக்கிறான். நாயகம் (ஸல்) அவர்கள் தம் இறுதி ஹஜ்ஜின் பேருரையில் அறியாமைக் கால வட்டியை ரத்துச் செய்தபோது, முதலாவதாகத் தம் சிறிய தந்தை அப்பாஸ் (ரலி) அவர்களுக்கு வரவேண்டிய வட்டியையே தள்ளுபடி செய்தார்கள். ஆகவே வட்டியை விட்டு விலகுவது நமக்குக் கடமை. இந்நாட்டில் 1983-ம் ஆண்டில் பேங்க் இஸ்லாம் தொடங்கியது முதல் அதற்கு வழியும் திறந்திருக்கிறது. ஐரோப்பாவில் வேறு வழியற்ற முஸ்லிம்களுக்காக அங்குள்ள ஆலிம்கள் சிலர் 1999-ல் நிர்ப்பந்தத்தின் பேரில் தந்த தீர்ப்பை, மாற்று வழி பல உள்ள நாம் எடுத்துக் காட்டுவது பொருந்தாது.

ஆனால், ஹலால் என்ற சொல் கணக்குப் பார்க்கும் கடமையை நம்மிடமிருந்து நீக்கிவிடுவதில்லை. இந்நாட்டு நீதிமன்றத்தில் நடந்து, 2006-ம் ஆண்டின் சட்ட ஏடுகளில் வெளியான ஒரு வழக்கைச் சான்றாகக் கூறலாம். வங்கி வீட்டை வாங்கி, இலாபம் சேர்த்துத் தவணைக்கு விற்கும் "பைஉ பிதமன் ஆஜில்" முறையிலான ஒப்பந்தம் அது. வங்கி தந்த தொகை 4 லட்சம் வெள்ளிக்குச் சற்றுக் குறைவு. 25 ஆண்டுத் தவணைக்கு நிர்ணயித்த விற்பனை விலையோ 9 லட்சத்து 92 ஆயிரத்துக்கும் மேல். வாங்கியவர் 33 ஆயிரத்துச் சொச்சம் செலுத்திய நிலையில் தவணை நின்றுபோயிற்று. வங்கி 9 லட்சத்து 58 ஆயிரத்துக்கும் அதிகமாகக் கோரியது. இன்னும் கழியாத ஆண்டுகளின் இலாபத்தையும் சேர்த்துக் கேட்பது தகாது என்று நீதிபதி தீர்ப்பளித்தார். அதன் பின்னர் 2011 முதல், முன்கூட்டி அடைப்போருக்கு "இப்ரா" என்னும் தள்ளுபடியை ஒப்பந்தத்திலேயே எழுதித் தரவேண்டும் என்று பேங்க் நெகாரா விதித்தது. எழுதிவைப்பதன் பயன் இப்பொழுது விளங்குகிறதா? "முஷாரகா முதனாகிஸா" என்னும் கூட்டுரிமை முறையும், "தவர்ருக்" முறையும் இன்று பெரிதும் நடைமுறையில் உள்ளன. எம்முறையாயினும், மார்க்கச் சட்டத்தை ஆலிமிடமும், மொத்தத் தொகையை வங்கியிடமும் கேட்டறிவது நம் பொறுப்பு.

சம்பளம் உயரும், வீட்டு விலையும் உயரும், வாடகை கொடுத்தாலும் பணம் போகத்தானே செய்கிறது என்று சிலர் வாதிப்பர். அதில் உண்மை இல்லாமல் இல்லை. இருபதாண்டு கழித்து 1,420 வெள்ளியின் பாரம் இன்றுள்ள அளவுக்கு இராது. வீடே வாங்கவேண்டாம் என்று நாம் கூறவில்லை. ஆனால் சம்பளம் உயரும் என்பது எதிர்பார்ப்பு. தவணை என்பதோ உறுதி. வேலை போனாலும், நோய் வந்தாலும் அது நிற்பதில்லை. 2020-ல் பெருந்தொற்றின்போது ஆறு மாதத் தவணை ஓய்வு தரப்பட்டதே, அப்பொழுதும் வீட்டுக் கடன்களின் வட்டி நடந்துகொண்டுதான் இருந்தது.

சகோதரர்களே! நாயகம் (ஸல்) அவர்கள் தம் தொழுகையில் கடன் பளுவை விட்டுப் பாதுகாவல் தேடுவார்கள். இவ்வளவு அதிகமாக ஏன் தேடுகிறீர்கள் என்று ஒருவர் வினவியதற்கு, கடன்பட்ட மனிதன் பேசும்போது பொய் சொல்லவும், வாக்களித்து மாறவும் நேர்ந்துவிடுகிறது என்ற கருத்தில் விடையளித்தார்கள். கடனோடு இறந்த ஒருவருக்கு ஜனாஸாத் தொழுகை நடத்த அவர்கள் முன்வராமல் நின்றபோது, அபூ கதாதா (ரலி) அவர்கள் அந்தக் கடனைத் தாம் ஏற்றுக்கொண்ட பிறகே தொழவைத்தார்கள் என்பதையும் நாம் அறிவோம். பங்குரிமைச் சட்டப்படி, வாரிசுகளுக்குச் சொத்துப் பிரியுமுன் கடன் அடைபட்டாக வேண்டும். எனவே 35 ஆண்டுக்கு ஒப்பமிடும் தகப்பன், தன் மனைவி மக்களின் பங்கிலும் கையெழுத்திடுகிறான். வீடு இருக்கிறது என்று அவர்கள் நம்பியிருக்க, அவன் மறைந்தபின் ஏல அறிவிப்பு கதவில் ஒட்டப்படுவதைவிடத் துயரம் வேறென்ன!

ஆகவே நாம் செய்யவேண்டுவன யாவை?

முதலாவது, ஒப்பமிடுமுன் மூன்று எண்களை வங்கியிடம் எழுத்தில் கேட்போம்: மொத்தம் செலுத்தவேண்டிய தொகை, பத்தாண்டு கழித்து நிற்கும் பாக்கி, விகிதம் ஏறினால் வரும் தவணை. அவற்றை வீட்டுக்குக் கொண்டுவந்து மனைவியிடம் நம் வாயால் சொல்லிப் பார்ப்போம். சொல்ல முடியவில்லையானால், ஒப்பமிடும் காலம் இன்னும் வரவில்லை.

இரண்டாவது, தவணைக் காலத்தைச் சுருக்குவோம். மேற்கண்ட கடனையே 25 ஆண்டில் அடைப்பதாயின் மாதம் சுமார் 1,668 வெள்ளி. மொத்தம் சுமார் 5 லட்சம். மாதம் ஏறத்தாழ 250 வெள்ளி கூடுதலாகக் கொடுத்து 96 ஆயிரம் வெள்ளியையும் பத்தாண்டு வாழ்வையும் மீட்கிறோம். அது இயலாதெனில் சிறிய வீட்டை நாடுவோம். திண்ணை பெரிதாக இருக்கவேண்டும் என்று மார்க்கம் கூறவில்லை.

மூன்றாவது, 35 ஆண்டுத் தவணையில் ஏற்கனவே இருப்பவர்கள் மனந்தளரவேண்டாம். தொடக்கத்திலிருந்தே மாதம் 200 வெள்ளி கூடுதலாகச் செலுத்தி வந்தால் எட்டரை ஆண்டுகள் முன்னதாக முடியும். சுமார் 83 ஆயிரம் வெள்ளி மிஞ்சும். கூடுதல் பணம் முதலில் கழிக்கப்படவேண்டும் என்று வங்கிக்குத் தெளிவாக அறிவிக்கவேண்டும். இல்லையேல் அதை அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக வைத்துவிடுவதுண்டு.

நான்காவது, தவணை தவறும் நிலை வந்தால் ஒளியலாகாது. வங்கியிடம் முன்கூட்டியே பேசவேண்டும். 2006-ல் பேங்க் நெகாரா அமைத்த ஏ.கே.பி.கே. என்னும் கடன் ஆலோசனை நிலையம் இலவசமாகவே உதவுகிறது. அங்கே போவதில் மானக்குறைவு எதுவும் இல்லை; வட்டிக்கடைக்காரரிடம் இரகசியமாகப் போவதிலேதான் குறைவும் அழிவும் உள்ளன.

ஐந்தாவது, நம்மில் வசதி படைத்தோருக்கு. கடன்பட்டவர் நெருக்கடியில் இருந்தால் வசதி வரும்வரை அவகாசம் கொடுக்கவும், விட்டுக்கொடுத்தால் அது இன்னும் மேலானது என்றும் இறைவன் போதிக்கிறான். ஓர் இளைஞன் முன்பணத்துக்குத் திண்டாடும்போது, நம் ஜமாஅத்தில் பத்துப் பேர் சேர்ந்து வட்டியற்ற அழகிய கடன் கொடுத்தால், அவன் வங்கியில் வாங்கும் தொகை குறையும். அவன் வாழ்நாளில் சில ஆண்டுகள் அவனுக்கே திரும்பும். வீடுகளை வக்பாக விட்டுச் சென்ற முன்னோரின் மக்களாகிய நமக்கு இது ஆகாத காரியமா?

யா அல்லாஹ்! ஹலாலான வருவாயையும், தங்குவதற்கு நிழலையும், கடனற்ற முடிவையும் எங்களுக்கு அருள்வாயாக! எங்கள் மக்களின் தலையில் நாங்கள் அறியாத பாரத்தை ஏற்றிச் செல்லாமல் எங்களைக் காப்பாயாக! ஆமீன்.

வஸ்ஸலாம்.