தேதி போடாத ராஜினாமாக் கடிதம்

1922 மார்ச்சில் இங்கிலாந்தின் தலைமை நீதிபதி டிரெவெதின் பிரபு, தாம் பதவி விலகிவிட்ட செய்தியை டைம்ஸ் நாளிதழைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டார். ராஜினாமாக் கடிதத்தில் இருந்தது அவருடைய கையெழுத்துதான். பதவி கொடுத்தபோதே, தேதி போடாமல் எழுதி வாங்கி வைத்திருந்தார்கள்.

அந்தக் கடிதத்துக்குப் பின்னால் இருந்தது கார்டன் ஹெவர்ட்டின் பதவி உரிமை. 1921-ல் ரீடிங் பிரபு வைஸ்ராயாக இந்தியாவுக்குக் கிளம்பியதால் தலைமை நீதிபதி இடம் காலியானது. அட்டர்னி ஜெனரலாக இருப்பவருக்கே அந்த இடம் என்பது அப்போது அங்கே ஊறிப்போயிருந்த வழக்கம். அட்டர்னி ஜெனரல் ஹெவர்ட். பிரதமர் லாயிட் ஜார்ஜுக்கோ அவரை நாடாளுமன்றத்திலிருந்து விட மனமில்லை. ஹெவர்ட்டும் தம் பாத்தியதையை விடுவதாக இல்லை. ஆகவே 77 வயதான நீதிபதி லாரன்ஸைப் பிடித்து உட்கார வைத்தார்கள். அவர்தான் பிறகு டிரெவெதின் பிரபு ஆனார். பஸ்ஸில் துண்டு போட்டு இடம் பிடிப்பதுபோல, நாட்டின் உயர்ந்த நீதியாசனங்களில் ஒன்றின்மேல் ஒரு முதியவரைப் போட்டுவைத்தார்கள். வேளை வந்ததும் துண்டை எடுத்துவிட்டார்கள்.

ஹெவர்ட் தகுதியற்றவர் என்று சொல்லிவிட முடியாது. லங்காஷயரில் பரி என்ற ஊரின் ஜவுளி வியாபாரி மகன். பத்திரிகையில் எழுதிப் பிழைத்து, 32 வயதில்தான் பாரிஸ்டர் ஆனார். 1913-ல் லெஸ்டர் தொகுதியின் லிபரல் உறுப்பினர். 1921 டிசம்பரில் கையெழுத்தான அயர்லாந்து ஒப்பந்தத்தில் அவர் பெயரும் உண்டு. இப்படி உழைத்த ஒருவருக்கு நீதிபதி பதவியைப் பரிசாகக் கொடுத்தால் என்ன தவறு?

தலைமை நீதிபதியான மறு வருடமே அவர் முன் ஒரு சின்ன வழக்கு வந்தது. மெக்கார்த்தி என்பவர் ஓட்டிய மோட்டார் சைக்கிள் விபத்துக்குள்ளானது. சசெக்ஸ் மாஜிஸ்திரேட்டுகள் அவரைக் குற்றவாளி என்றார்கள். தீர்ப்பை முடிவு செய்ய அவர்கள் உள்ளே போனபோது கோர்ட் கிளார்க்காக இருந்தவரும் கூடப் போனார். அவரோ, அதே விபத்துக்காக மெக்கார்த்திமீது நஷ்டஈடு கேட்ட தரப்பின் வக்கீல் அலுவலகத்தைச் சேர்ந்தவர். அவர் வாயைத் திறக்கவில்லை, நாங்களும் எதுவும் கேட்கவில்லை என்றார்கள் மாஜிஸ்திரேட்டுகள். ஹெவர்ட் அதை நம்பினார். நம்பியும் தீர்ப்பை ரத்து செய்தார். நீதி செய்யப்பட்டால் போதாது, செய்யப்பட்டது கண்ணுக்குத் தெரியவும் வேண்டும் என்ற கருத்து அந்தத் தீர்ப்பில்தான் வேர்கொண்டது. சென்னையிலும் டெல்லியிலும் இன்றுவரை நீதிமன்றங்கள் எடுத்தாளும் கருத்து அது. ஒரு கிளார்க் சும்மா உள்ளே போய்வந்ததே குற்றம் என்றால், தேதியில்லாத கடிதத்தால் காலியாக்கப்பட்ட நாற்காலி யார் கண்ணுக்கு எப்படித் தெரியும்?

பரிசு வாங்கியவர் கொடுத்தவருக்குக் கடன்பட்டிருப்பார் என்பதுதான் வழக்கமான ஆட்சேபம். ஹெவர்ட் விஷயத்தில் அது பொருந்தவில்லை. அவர் பதவியேற்ற 1922-லேயே, அக்டோபரில், லாயிட் ஜார்ஜ் ஆட்சியே போய்விட்டது. அரசுத் துறைகளின் வரம்பில்லாத அதிகாரத்தைத் தாக்கி 1929-ல் ஹெவர்ட் புத்தகமே எழுதினார். 1931-ல் மனைவியைக் கொன்றதாகத் தூக்குத் தண்டனை பெற்ற லிவர்பூல்காரர் வாலஸை விடுவித்ததும் அவர் தலைமையிலான அமர்வுதான். ஆனால் ஆசனத்தில் ஏறிய பிறகும் அவர் வக்கீலாகவே இருந்தார். வழக்கில் ஒரு தரப்பை மனதில் எடுத்துக்கொண்டு அதற்காக வாதாடினார். அவர் நடத்திய ஓர் அவதூறு வழக்கை மீண்டும் விசாரிக்கும்படி 1929-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் உத்தரவிட்டது. பிற்காலத்தில் நீதிபதி டெவ்லின், இங்கிலாந்தின் தலைமை நீதிபதிகளிலேயே மோசமானவர் இவர் என்று எழுதினார்.

அவர் சிறந்த நீதிபதியாகவே இருந்திருந்தாலும் 1921-ன் ஏற்பாடு தவறுதான். மன்னர் நினைத்தபோது நீதிபதியை நீக்கக்கூடாது என்று 1701-லேயே சட்டம் செய்த நாடு அது. தேதியில்லாத ஒரு கடிதம் அந்தப் பாதுகாப்பை ஒரு மேஜை இழுப்பறைக்குள் பூட்டிச் சாவியைப் பிரதமர் கையில் கொடுத்தது. பெரிய மனிதர்கள் தங்களுக்குள் செய்துகொண்ட வசதி என்று இதைக் கடந்துபோக முடியாது. அந்த ஓராண்டில் அந்த நீதிமன்றத்தின் முன் நின்றவர்கள், நிலையான நீதிபதி ஒருவர் தங்களை விசாரிப்பதாக நம்பித்தான் நின்றார்கள்.

1940-ல் பிரதமர் அலுவலகத்திலிருந்து ஒரு தொலைபேசி அழைப்பு வந்து, ஹெவர்ட்டும் விலக நேர்ந்தது. அதைப் பழிக்குப் பழி என்று சொல்லி மகிழ ஒன்றுமில்லை. அதே தவறு இரண்டாம் முறை நடந்தது, அவ்வளவுதான். லாரன்ஸ் அந்தக் கடிதத்தில் கையெழுத்திட மறுத்திருக்க வேண்டும். அப்படிக் காலியாகும் இடம் தமக்கு வேண்டாம் என்று ஹெவர்ட் சொல்லியிருக்க வேண்டும். இருவருமே சட்டம் தெரிந்தவர்கள்.