எத்தனை ராமாயணம், ஒரே காடு

அத்யாத்ம ராமாயணத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் ஒன்று உண்டு. காட்டுக்குத் தானும் வருவேன் என்று சீதை வாதாடுகிறாள், ராமன் மறுக்கிறான். எத்தனையோ ராமாயணங்கள் இருக்கின்றனவே, எதிலாவது சீதை இல்லாமல் ராமன் காட்டுக்குப் போனதுண்டா என்று கேட்டுவிடுகிறாள். அவன் இணங்குகிறான்.

1957-ல் ஹ்யூ எவரெட் என்ற அமெரிக்கர், உலகம் கிளைத்துக்கொண்டே போகிறது என்று பொருள்படும் பௌதிகக் கொள்கை ஒன்றை வெளியிட்டார். சீதை சொல்வது வேறு: உலகம் எத்தனை கிளைத்தாலும் கதை கிளைக்காது! இதற்குக் 'கதைக்காப்பு விதி' என்று நானே ஒரு பெயர் வைத்தேன். வால்மீகியின் ராவணன் சீதையைப் பற்றித் தூக்குகிறான். கம்பனின் ராவணன் தொடாமல் நிலத்தோடு பெயர்க்கிறான். சிறை மட்டும் தப்பவில்லை.

என் தொடர்கதை ஒன்றில் ஒரு பெண் கிணற்றில் விழுந்து சாகிறாள். "ஏன் ஐயா அவளைக் கொன்றீர்கள்?" என்று ஒரு வாசகி எழுதினார். "கதை அப்படிப் போயிற்று, நான் என்ன செய்ய?" என்று பதில் போட்டேன். ஒளிந்துகொள்ள விதியைப் போலச் சௌகரியமான இடம் வேறு ஏது?

பிறகு ஒருநாள் புதுமைப்பித்தனின் 'சாபவிமோசனம்' (1943) கதையை மறுபடி படித்தேன். ராமன் காலடி பட்டுப் பெண்ணான அகலிகை, சீதை தீக்குளித்த செய்தி கேட்டு மீண்டும் கல்லாகிறாள். தீயை அவர் அணைக்கவில்லை. அதைக் கேட்டுப் பொறுக்கமாட்டாத ஒருத்தியை அருகே நிறுத்திவிட்டார், அவ்வளவுதான். என் கிணற்றடியில் அப்படி ஒருவரையும் நான் நிறுத்தவில்லை.

அந்த வாசகிக்கு வேறு பதில் எழுதலாமென்று பழைய கடிதக்கட்டைப் பிரித்தேன். உறை கிழிந்திருந்தது; விலாசம் அகப்படவில்லை.